பில் போடியை மறக்கலாமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

1955-ஆம் ஆண்டு இத்தாலியின் மில்லே மில்லியா கார் பந்தயத்தில் பிரிட்டிஷ் ஓட்டுநர் ஸ்டர்லிங் மாஸ் பெற்ற வெற்றி குறித்துத் தங்கள் ஞாயிறு இணைப்பில் வெளியான கட்டுரை, மெர்சிடஸ் காரில் அவருக்கு அருகில் அமர்ந்து, சுமார் 18 அடி நீளக் காகிதச் சுருளைப் பார்த்து வளைவுகளைக் கைச்சைகையால் உணர்த்திய டெனிஸ் ஜென்கின்சனை உரிய முறையில் பாராட்டியிருந்தது. அந்த அனுபவத்தை ஜென்கின்சன் எழுத, அதை வெளியிட்ட ‘மோட்டார் ஸ்போர்ட்’ என்ற பிரிட்டிஷ் கார் பந்தய இதழின் ஆசிரியர் பில் போடிக்கும் ஒரு வரி ஒதுக்கியிருக்கலாம்.

1936 முதல் 1991 வரை ஆசிரியராக இருந்த போடி, பந்தயங்களே நடைபெறாத போர்க்காலத்திலும் இதழை நின்றுவிடாமல் காத்தவர். ஓட்டுநர்களுக்குக் கிடைக்கும் புகழ் பதிவு செய்பவர்களுக்குக் கிடைப்பதில்லை என்பது வேறு விஷயம். 1907-இல் இங்கிலாந்தின் சர்ரே பகுதியில் திறக்கப்பட்ட புரூக்லண்ட்ஸ் பந்தயக் களம், 1939-உடன் ஓய்ந்து, 1946-இல் விக்கர்ஸ் விமான நிறுவனத்தின் கைக்குப் போய்விட்டது. சாய்வான கான்கிரீட் திருப்பங்களில் ஓடிய கார்கள், ஓட்டியவர்கள், எட்டிய வேகங்கள் என அனைத்தையும் திரட்டி அக்களத்தின் விரிவான வரலாற்றை எழுதியவர் போடியே. 2011-இல் 98 வயதில் மறையும்வரை எழுதிக்கொண்டிருந்த அவரைப் பற்றித் தனிக் கட்டுரை ஒன்று வெளியிடுமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
வாசகர், கோயம்புத்தூர்