பாப்பாவுக்கு: பாதி ஆட்டத்தில் பிஎஸ்4 அணைந்தால்

அன்புள்ள பாப்பாவுக்கு,

உன் மெசேஜ் பார்த்தேன். ஆட்டம் சூடுபிடிக்கிற நேரத்தில் டிவியில் மாட்டி ஆடுகிற கேம் மெஷின், அந்த பிஎஸ்4, பொட்டென்று அணைகிறது என்றும், ஓசூரில் ஒரு கடையில் உள்ளே இருக்கிற சர்க்யூட் போர்டை ஹீட் பண்ணித் தருகிறேன் என்றார்கள் என்றும் எழுதியிருக்கிறாய். அங்கே கொடுக்காதே. சூடான காற்றடிக்கிற ஹீட் கன்னைப் பிடித்தால் செத்த போர்டுகூடச் சில வாரம் ஓடும், அதற்குப் பிறகு யார் தொட்டாலும் எழாது. உன் போர்டு சாகவே இல்லை. செத்த போர்டு ஒரு மேட்ச் முழுதாக ஆடவிடாது. கரண்ட் வருகிற வழியிலோ சூடு வெளியே போகிற வழியிலோதான் கோளாறு. எது என்பதை ஸ்க்ரூ டிரைவர் எடுக்காமலே கண்டுபிடிக்கலாம். போனில் சொன்னால் "சரிப்பா சரிப்பா" என்று வைத்துவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன்.

அடுத்த தடவை அணையும்போது பக்கத்தில் இருந்து கவனி. அணைவதற்கு முந்தின நிமிஷம் ஃபேன் எப்படிக் கத்தியது? முன்பக்க விளக்குக் கோடு என்ன நிறத்தில் இருந்தது? பட்டனைத் தொட்டதும் உடனே எழுந்ததா, இல்லை பிளக்கைப் பிடுங்கிக் கொஞ்ச நேரம் விட்ட பிறகுதான் எழுந்ததா? எழுந்தபோது "சென்ற முறை சரியாக அணைக்கப்படவில்லை" என்று சொல்லி ஹார்ட் டிஸ்க்கைச் சோதித்ததா? இவ்வளவு தெரிந்தால் பாதி வேலை முடிந்தது.

அந்த அறிவிப்பு வராமல் நேராக மெனு வந்தால், அது ஒழுங்காக, தானே முடிவெடுத்து அணைந்திருக்கிறது. அப்போது செட்டிங்ஸுக்குப் போ. பவர் சேவ் பகுதியில் எவ்வளவு நேரம் சும்மா இருந்தால் அணையவேண்டும் என்று ஓர் அளவு இருக்கும். படம் பார்ப்பதற்குத் தனி அளவு. சிஸ்டம் பகுதியில் ஹெச்டிஎம்ஐ டிவைஸ் லிங்க் என்று இருப்பதையும் சில நாள் நிறுத்திவைத்துப் பார், டிவியோடு பேசிக்கொண்டு குழப்பம் பண்ணுவது உண்டு. ஆட்டம் மட்டும் மூடி, சிஇ-34878-0 என்று ஒரு எண் காட்டினால் அது வேறு விஷயம். அங்கே மெஷின் அணையவில்லை, அந்த கேம்தான் விழுந்திருக்கிறது. அணைத்துவிட்டு, பவர் பட்டனை இரண்டாவது பீப் வரும்வரை, ஏறக்குறைய 7 விநாடி, அழுத்திப் பிடித்தால் சேஃப் மோடு என்கிற பழுதுபார்க்கும் மெனு வரும். கண்ட்ரோலரை யூஎஸ்பி ஒயரில் மாட்டி, ஐந்தாவதாக உள்ள டேட்டாபேஸ் சீரமைப்பைக் கொடு. சேமித்து வைத்த ஆட்டம் எதுவும் அழியாது. அதற்கும் அடங்காவிட்டால் ஹார்ட் டிஸ்க்கைச் சந்தேகப்படலாம்.

இனி உன் கேஸ் எது என்று பார்ப்போம். ஃபேன் சாதாரணமாக ஓடிக்கொண்டிருந்தது, எந்த எச்சரிக்கையும் இல்லை, சடக்கென்று எல்லாம் கருப்பு என்றால் கரண்ட் பக்கம். ஃபேன் காதைப் பிளக்கிற மாதிரி இரைந்து, "மிகவும் சூடாகிவிட்டது" என்று திரையில் வந்து, விளக்கு சிவப்பானால் சூடு. இதில் ஒரு தந்திரம் இருக்கிறது: சிப்பின் சூட்டை மேலே இருக்கிற உலோகத்துக்குக் கடத்துகிற பசை, தெர்மல் பேஸ்ட், காய்ந்துபோன மெஷினில் சிப்பின் சூடு படாரென்று ஏறும், எச்சரிக்கை எழுதக்கூட நேரமிருக்காது. அதனால் எழுத்து வரவில்லையே என்று சூட்டைக் கழித்துவிடாதே, ஃபேன் சத்தத்தை நம்பு.

ஒரு சோதனை செய். மேசை நடுவில், சுவரிலிருந்து ஒரு ஜாண் தள்ளி வைத்து, பக்கத்தில் டேபிள் ஃபேனைப் போட்டு அதே ஆட்டத்தை ஆடு. வழக்கத்தைவிட நன்றாகத் தாங்கினால் சூடுதான். அடுத்து, ஆட்டமே போடாமல் வெறும் மெனுவில் ஒரு மணி நேரம் விடு. அதிலேயே அணைந்தால் சூட்டைக் குற்றம் சொல்ல முடியாது. கேமுக்குள் இருக்கிற மேப் திரை, பாஸ் திரை வேறு, அவற்றை இதில் சேர்க்காதே. சில கேம்களில் அந்தத் திரைகளை நொடிக்கு எத்தனை தடவை வரையலாம் என்பதற்குக் கடிவாளமே கிடையாது; ஆட்டத்தைவிட அங்கேதான் சிப் அதிகமாக உழைக்கும். பாஸ் பண்ணிவிட்டுச் சாப்பிடப் போனபோது அணைந்தது என்று பலர் சொல்வதற்குக் காரணம் அதுதான்.

கரண்ட் பக்கம் என்றால் சுவரிலிருந்து தொடங்கு. எக்ஸ்டென்ஷன் பாக்ஸ், ஸ்பைக் கார்டு எல்லாவற்றையும் தள்ளிவிட்டுச் சுவர் பிளக்கில் நேரடியாக மாட்டு. வாடகை வீட்டில் ஒரே பாயிண்டில் டிவி, செட்டாப் பாக்ஸ், ரவுட்டர், தோழியின் கெட்டில் எல்லாம் தொங்கும் என்று எனக்குத் தெரியாதா? அரை மணி ஆடிவிட்டு அணைத்து, பிளக்கைத் தொட்டுப் பார். வெதுவெதுப்பாக இருந்தாலோ பின்னில் கருப்பு இருந்தாலோ அந்த சாக்கெட்டின் உள்பிடி தளர்ந்துவிட்டது. வீட்டுக்காரரிடம் சொல்லி மாற்று. ஃபிரிட்ஜ் கிளம்பும்போது டியூப்லைட் மினுக்குகிறதா என்றும் பார், அந்த நொடியில் பிஎஸ்4 அணைந்தால் மெஷின்மேல் குற்றமில்லை. இன்வெர்ட்டர் இருந்தால் அதில் யுபிஎஸ், நார்மல் என்று ஒரு சுவிட்ச் இருக்கும். நார்மலில் இருந்தால் கரண்ட் போய் பேட்டரிக்கு மாறுகிற இடைவெளி அதிகம், பல்பு தாங்கும், கேம் மெஷின் தாங்காது. யுபிஎஸ் பக்கம் தள்ளிவிடு.

அடுத்தது பின்னால் சொருகுகிற எட்டு வடிவ ஒயர். எல்லாரும் இதைத் தாண்டிப் போய்விடுவார்கள். கேம் ஓடும்போது அந்த ஒயரின் தலையை இலேசாக ஆட்டிப் பார். அணைந்தால் ஒயரை மாற்று, வேலை அதோடு முடிந்தது. பழைய டேப் ரெக்கார்டர் ஒயரை மாட்டாதே. வடிவம் ஒன்றாக இருக்கும், உள்ளே தலைமுடி மாதிரி நாலு கம்பிதான் இருக்கும். மேலே 2.5 ஆம்பியர் என்று அச்சடித்ததாக வாங்கு. யூஎஸ்பியில் மாட்டியிருக்கிற எக்ஸ்ட்ரா ஃபேன் ஸ்டாண்டு, ஹார்ட் டிஸ்க் எல்லாவற்றையும் பிடுங்கிவிட்டு ஒருமுறை ஆடு. அந்த ஃபேன் ஸ்டாண்டை நான் எப்போதும் சந்தேகத்தோடுதான் பார்ப்பேன், பாதி ஸ்டாண்டுகள் வெளியே போன சூட்டையே திருப்பி உள்ளே தள்ளும்.

இதெல்லாம் சரியாக இருந்து, அணைந்த பிறகு பட்டனுக்கு அசையாமல், பிளக்கைப் பிடுங்கி ஐந்து நிமிஷம் கழித்து மாட்டினால்தான் எழுகிறது என்றால், உள்ளே இருக்கிற பவர் சப்ளை தன்னைக் காப்பாற்றிக்கொள்ளப் பூட்டிக்கொள்கிறது. மல்டிமீட்டர் வைத்துப் பார்த்து "நல்லாத்தான் இருக்கு" என்று யாராவது சொன்னால் கேட்காதே. சும்மா இருக்கும்போது சரியான வோல்ட்டைக் காட்டிவிட்டு, ஆட்டத்தில் சிப் இழுக்கும்போது 12 வோல்ட் தளர்ந்துவிடுகிற சப்ளைகள் நிறைய உண்டு. நல்லது என்று தெரிந்த இன்னொன்றை மாட்டிப் பார்ப்பதுதான் ஒரே நம்பகமான வழி. அந்தக் கருப்புப் பெட்டியைத் திறக்க மட்டும் நினைக்காதே. நம் 230 வோல்ட் உள்ளே நேர்மின்னாக மாறும்போது 320-க்கு மேலே போய் பெரிய கப்பாசிட்டரில் தேங்கும், பிளக்கைப் பிடுங்கிய பிறகும் கொஞ்ச நேரம் இருக்கும்.

இனி சூடு. ஓசூர் குளிர்ந்த ஊர், அங்கே எப்படிச் சூடாகும் என்று கேட்காதே. இந்த மெஷினுக்கு 5 முதல் 35 டிகிரி வரை உள்ள அறைதான் சோனி சொன்ன அளவு. காசிமேட்டில் அக்னி நட்சத்திரத்தில் அதைத் தாண்டித்தான் ஓடியது, அப்போது அணையவில்லை. ஓசூர்க் குளிரில் சூடாகி அணைகிறது என்றால் உள்ளே அடைப்பு நன்றாக முற்றியிருக்கிறது என்று அர்த்தம். நம் வீட்டுத் தூசியும் சாதாரணத் தூசி இல்லையே. எண்ணூர் நெடுஞ்சாலையில் கன்டெய்னர் லாரி கிளப்புகிற புழுதி, அதோடு கடல்காற்றின் உப்பு. உப்பு ஈரத்தை இழுக்கும், ஈரத்தில் புழுதி ஒட்டும். சூட்டை வெளியே விடுகிற ஹீட் சிங்க் தகடுகளுக்கு நடுவே அது கம்பளி மாதிரி படிந்துவிடும், வெளியே இருந்து ஊதினால் அசையாது. அம்மா போட்ட பூவேலை செய்த கவரை அங்கேயும் எடுத்துப் போயிருக்கிறாய், படத்தில் பார்த்தேன். ஆடும்போது அதை எடுத்துவிடு. கண்ணாடிக் கதவு போட்ட ஷோகேஸுக்குள்ளும் வேண்டாம்.

சுத்தம் செய்வதை நீயே செய்யலாம். உன்னுடையது மாடல் எண்ணில் 1100 வரிசை, பிஎஸ்4 முதலில் வந்த அதே உடம்பு. நடுவில் ஓட்டை உள்ள டி8 டார்க்ஸ் பிட் (ஆறு முனை உள்ளது), சாதா ஸ்டார் டிரைவர், ஒரு இஞ்ச் பெயிண்ட் பிரஷ் புதிதாக, ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் 99 சதவீதம் ஒரு சின்ன பாட்டில், இவ்வளவு போதும். பிளக்கைப் பிடுங்கி அரை மணி விடு. டிஸ்க்கை முன்னாலேயே வெளியே எடுத்துவிடு. தலைகீழாகத் திருப்பினால் பின்விளிம்பில் நான்கு திருகு, சிலவற்றின் மேல் ஸ்டிக்கர் ஒட்டியிருக்கும். கழற்றியதும் மூடியைப் பின்னாலிருந்து தூக்கி எடு. ஃபேனும் பவர் சப்ளையும் கண்ணுக்குத் தெரியும். திருகுகள் ஒரே நீளத்தில் இருக்காது. ஒரு அட்டையில் மெஷினை வரைந்து, எடுத்த இடத்திலேயே குத்தி வை. நீளமானதைத் தப்பான ஓட்டையில் முறுக்கினால் போர்டில் போய்க் குத்தும்.

பவர் சப்ளையின் திருகுகளை எடுத்த பிறகு நேராக மேலே தூக்கு, சாய்க்காதே, கீழே போர்டிலிருந்து நிற்கிற முட்களில்தான் அது உட்கார்ந்திருக்கிறது. அதிலிருந்து ஒரு சின்ன ஒயர்க்கட்டு போர்டுக்குப் போகும். முழுவதும் தூக்குமுன் அதன் சாக்கெட்டை நகத்தால் பக்கத்துக்குப் பக்கம் அசைத்துக் கழற்று. ஒயரைப் பிடித்து இழுத்தால் சாக்கெட்டே போர்டிலிருந்து பிய்ந்துவிடும், அதற்கு அப்புறம் நிஜமாகவே கடைக்குத்தான் போகவேண்டும். சப்ளையை எடுத்ததும் அடியில் வரிவரியாகத் தகடு தெரியும். அடைப்பு அங்கேதான். பிரஷ்ஷால் தகடு போகிற திசையிலேயே தேய்த்து, ஊதுகிற பலூன் பம்பாலோ புளோயராலோ வெளிப்பக்கம் தள்ளு. ஊதும்போது ஃபேன் இறக்கையை விரலால் பிடித்துக்கொள். காற்றில் வேகமாகச் சுற்றவிட்டால் பேரிங் தேயும். பிறகு விரலால் ஒரு சுண்டு சுண்டிவிடு. சுகமாகச் சில சுற்று சுற்றி நிற்கவேண்டும், கரகரவென்று உடனே நின்றால் ஃபேன் மாற்றவேண்டியதுதான்.

போர்டில் நிற்கிற முட்களையும், அவை நுழைகிற சப்ளை ஓட்டைகளையும் டார்ச் அடித்துப் பார். வெள்ளையாகவோ பச்சையாகவோ பூத்திருந்தால் நம் ஊர் உப்பின் கைவரிசை. சூடு இல்லாமல் கரண்ட் பக்கம் அணைவதற்கு இதுவே போதும். பழைய டூத் பிரஷ்ஷை ஆல்கஹாலில் தொட்டு, பூத்தது போகும்வரை தேய். நன்றாகக் காயவிட்டுப் பிறகு மூடு. அம்மா சொன்னாள் என்று வீட்டில் இருக்கிற தேங்காய் எண்ணெய், மண்ணெண்ணெய் எதையும் தொடாதே.

இவ்வளவு செய்த பிறகும் ஐந்து நிமிஷத்தில் ஃபேன் அலறினால் தெர்மல் பேஸ்ட் காய்ந்திருக்கிறது. அதற்கு டிஸ்க் டிரைவ், தகடு, போர்டு எல்லாவற்றையும் வெளியே எடுக்கவேண்டும். அதை அங்கே செய்யாதே, ஊருக்கு வரும்போது எடுத்துவா. அவசரம் என்று கடையில் கொடுப்பதானால் இரண்டு விஷயம் சொல்லிக் கொடு. ஹீட் சிங்க்கை அழுத்துகிற கிளாம்பின் இரண்டு திருகையும் மாற்றி மாற்றிக் கொஞ்சம் கொஞ்சமாக முறுக்கவேண்டும், ஒன்றை முழுதாக இறுக்கிவிட்டு மற்றதற்குப் போனால் சிப் ஒருபக்கம் சாய்ந்துவிடும். மெமரி சிப் மேலே இருக்கிற தெர்மல் பேட், அதாவது சூடு கடத்துகிற மெத்தென்ற துண்டு, கிழிந்தால் அதே தடிமனில் பேட்தான் வைக்கவேண்டும், அங்கே பேஸ்ட் பூசி ஏமாற்றக்கூடாது. உன் ரூம் தோழியின் பிஎஸ்5-க்கு இந்த வேலையே ஆகாது. அதில் பேஸ்ட்டுக்குப் பதிலாகத் திரவ உலோகம், கரண்ட் கடத்தும், ஒரு சொட்டு வழிந்தால் போர்டு போச்சு. பக்க மூடிகளை எடுத்து, அங்கே தூசிக்கென்றே விட்டிருக்கிற இரண்டு துளைகளில் வேக்கம் பிடித்தால் போதும் என்று சொல்.

பவர் சப்ளைதான் என்று முடிவானால் அங்கே தேடாதே. ஆன்லைனில் படத்தில் ஒன்று, பெட்டியில் ஒன்று வருகிறது. 5 முள் உள்ளதும் உண்டு, 4 முள் உள்ளதும் உண்டு, ஒன்று மற்றதற்குப் பொருந்தாது. உன்னுடையதில் ஏடிபி-240சிஆர் என்று இருக்கவேண்டும், ஆனாலும் நடுவில் யாராவது மாற்றியிருக்கலாம், ஸ்டிக்கரைப் படமெடுத்து அனுப்பு. முதலில் பர்மா பஜாரில் கேட்கிறேன், அங்கே இல்லாவிட்டால் ரிச்சி தெரு. ஞாயிற்றுக்கிழமை ரிச்சி தெருவில் கடைகள் மூடியிருக்கும், அதனால் படம் வெள்ளிக்கிழமை ராத்திரிக்குள் வந்தால் சனிக்கிழமையே வாங்கிக் கூரியரில் போட்டுவிடுவேன்.

அன்புடன்,
அப்பா