காற்றின் பாட்டைச் செப்பேட்டில் எழுத முடியுமா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்கள் ஞாயிறு பதிப்பில் வரும் மாயத்தீவுத் தொடர்கதையை எங்கள் வீட்டில் சின்னவர் பெரியவர் எல்லாரும் படிக்கிறோம். பேப்பர் வந்ததும் யார் முதலில் எடுப்பது என்று சண்டையே நடக்கும். அதனால் குறை சொல்ல வேண்டும் என்றே எழுதுகிறேன் என்று எழுத்தாளர் நினைத்துவிட வேண்டாம். போன வார அத்தியாயத்தில் ஒரு விஷயம் உறுத்துகிறது.

கதைப்படி, தீவின் ஆதிப் பாணர் ஒருவர் மலை உச்சியில் உட்கார்ந்து காற்று பாடியதைக் கேட்டு, அதை ஸ்வரம் ஸ்வரமாகச் செப்பேட்டில் பொறித்து வைக்கிறார். அதுதான் 'வளிப்பண்'. பல நூறு வருஷம் கழித்துக் கதாநாயகி அந்தச் செப்பேட்டைக் கண்டெடுத்து, ஒரு ஸ்வரம் பிசகாமல் குழலில் வாசிக்கிறாள். புயல் அடங்கிவிடுகிறது. சரி, மாயக்கதை. புயல் அடங்கட்டும், மலை பறக்கட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் காற்று எந்தக் காலத்தில் ஒரே மெட்டை மாறாமல் பாடியிருக்கிறது?

நான் கோயில் பஜனையில் குழல் வாசிக்கிறவன், அந்த உரிமையில் கொஞ்சம் விளக்குகிறேன். இழுத்துக் கட்டிய கம்பியில் காற்று மோதும்போது, கம்பிக்குப் பின்னால் மேலும் கீழுமாக மாறி மாறிச் சின்னச் சின்னச் சுழல்கள் கழன்று போகும். நாம் கேட்கும் ரீங்காரம் அதுதான். சுருதியைத் தீர்மானிப்பது காற்றின் வேகமும் கம்பியின் பருமனும். 4 மில்லிமீட்டர் கம்பியில் விநாடிக்கு 5 மீட்டர் வேகத்தில் காற்று அடித்தால் விநாடிக்குச் சுமார் 250 அதிர்வுகள் வரும். வேகம் இரண்டு மடங்கானால் 500. அதாவது 'ஸ' என்கிற ஸட்ஜத்தில் இருந்தது மேல் ஸட்ஜத்துக்குப் போய்விடும். இடையில் காற்று ஏறி இறங்க, சுருதியும் கூடவே வழுக்கிக்கொண்டிருக்கும்.

மூங்கிலின் குணம் வேறு. அதன் சுருதி நீளத்தைப் பொறுத்தது. காற்று கொஞ்சம் கூடினாலும் குறைந்தாலும் ஏறக்குறைய அதே ஸ்வரத்தில் நிற்கும். ஓங்கி அடித்தால் மட்டும் ஒரே தாவாகத் தாவும். இரண்டு முனையும் திறந்திருந்தால் மேல் ஸட்ஜத்துக்கு. ஒரு முனையைக் கணு அடைத்திருந்தால் அதையும் தாண்டி அதற்கு மேலே உள்ள 'ப' என்கிற பஞ்சமத்துக்கு. நம்பாதவர்கள் பேனா மூடியை ஊதிப் பார்க்கலாம். ஆகவே, பாணர் கெட்டிக்காரராக இருந்தால் ஏட்டில் என்ன பொறித்திருப்பார்? எத்தனை மூங்கில், ஒவ்வொன்றும் எவ்வளவு நீளம், துளை எங்கே, மலையில் எந்தத் திசை பார்த்து நிறுத்த வேண்டும், இதைத்தான். அப்புறம் காற்று வரும்வரை கதாநாயகி காத்திருக்க வேண்டியதுதான். கதைக்கும் அது விறுவிறுப்பு.

இது நமக்குப் புதுசும் இல்லை. அகநானூற்றின் 82ஆம் பாட்டில் கபிலர் ஒரு கச்சேரியே வைத்திருக்கிறார். அசையும் மூங்கிலில் வண்டு துளைத்த ஓட்டை வழியே கோடைக்காற்று புகுந்து குழல் ஊதுகிறது. அருவி முழவு. கலைமான் கூட்டத்தின் குரல் தூம்பு என்கிற ஊதுகருவி. வண்டுகள் யாழ். மயில் ஆட, மந்திகள் சபையாக உட்கார்ந்து மருண்டு பார்க்கின்றன. அங்கே யாரும் ஸ்வரம் எழுதவில்லை.

மலாய்க்காரர்களிடம் பூலோ பெரிண்டு என்கிற மூங்கிலின் கதை உண்டு. காற்றில் அது பாடினால் கேட்டவர் மனம் மயங்கிப்போகும் என்பார்கள். எங்கள் சுங்கை சிப்புட்டிலிருந்து உள்ளே மலைப்பக்கம் போனால் தெமியார் பூர்வகுடிகளின் கிராமங்கள். அவர்களுக்குப் பாட்டு கனவில் வருகிறது. மலையோ ஆறோ மரமோ கனவில் வந்து கற்றுக்கொடுத்துவிட்டுப் போகும். கனவு கண்டவர் பாட, பெண்கள் நீளமும் குட்டையுமான மூங்கில் குழாய்களைக் கட்டையில் தட்டிக்கொண்டு பின்பாட்டுப் பாடுவார்கள். இவ்வளவையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு செப்பேட்டு ஸ்வரத்துக்குப் போவானேன்?

இன்னொன்று. எழுத்தாளர் காட்டுக் காற்றுக்கு எல்லா இடத்திலும் 'சலசல' என்றே போடுகிறார். தோட்டத்தில் வளர்ந்தவர்கள் இதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள். பால்மரத்தில், அதாவது ரப்பர் மரத்தில், காற்று 'உஸ்ஸ்' என்று மெல்ல இழையும். பிப்ரவரி வாக்கில் மரம் இலை கொட்டிவிட்டால் மேலே சத்தமே இருக்காது. எல்லாம் தரையில், சருகுக்குள். காய் முற்றும் மாதங்களில், நல்ல வெயில் நேரத்தில், நடுநடுவே 'டப்' என்று காய் வெடித்துத் தாளம் போடும். எண்ணெய் எடுக்கும் செம்பனையோ பழைய பாயை உதறுவதுபோல மட்டைகளைத் தடதடக்க வைக்கும். பால்மரத்தை அழித்துச் செம்பனை போட்ட பிறகு தோட்டத்தில் காற்றின் குரலே மாறிவிட்டது என்று எங்கள் பாட்டி புலம்புவார். அந்தத் தீவில் என்ன மரம் என்று முதலில் தெரிந்தால்தானே காற்று எப்படிப் பாடும் என்று சொல்ல முடியும்?

படம் வரைபவருக்கும் ஒரு வார்த்தை. கதையில் கதாநாயகி குழலைப் பக்கவாட்டில் பிடிக்கிறாள். படத்தில் நேராக வாயில் வைத்து ஊதுகிறாள். அடுத்த வாரம் கவனியுங்கள்.

செப்பேட்டின் பின்பக்கத்தைக் கதாநாயகி இன்னும் திருப்பிப் பார்க்கவில்லை. மூங்கில் அளவுகளை எழுத்தாளர் தாராளமாக அங்கே பொறித்துவிடலாம்.

இப்படிக்கு,
குழல் வாசிக்கும் வாசகர் ஒருவர்,
சுங்கை சிப்புட், பேராக்.