அப்பாவிடம் சொல்லிவிட்டேன், அண்ணா

அண்ணா,

அம்மாவின் ஆட்டைத் திவசம் முடிந்த அன்றிரவே அப்பாவிடம் சொல்லிவிட்டேன். திட்டம் போட்டுச் சொன்னதில்லை. சின்னம்மாவின் பெடியன் சான்றிதழ்களை எல்லாம் எடுத்து அடுக்கிவிட்டான். அண்ணாவின் கந்தோரில் வேலை கேட்கக் கொழும்புக்கு பஸ் ஏறப்போகிறானாம். நான் வேறு என்ன செய்ய?

உங்களுக்குக் கோபம் வரும். வரட்டும்.

எனக்கு அந்தப் போயா நாள்தான் திரும்பத் திரும்ப வருகிறது. கண் ஒப்பரேஷனுக்கு வெள்ளவத்தையில் என் வீட்டுக்கு வந்த அம்மா, மகனின் கந்தோரைப் பார்க்காமல் ஊருக்குப் போவதில்லை என்று நின்றார். நீங்கள் போயாவாகப் பார்த்துக் கோட்டைக்குக் கூட்டிப்போனீர்கள். உலக வர்த்தக மையம், இரட்டைக் கோபுரம். "இண்டைக்கு லீவு அம்மா, உள்ளுக்கு விடமாட்டாங்கள்." அம்மா கறுப்புக் கண்ணாடியோடு அண்ணாந்து பார்த்து, "எந்த யன்னல் தம்பி?" என்றார். கொஞ்சமும் தடுமாறாமல் ஒன்றைக் காட்டினீர்கள். அம்மா அந்த யன்னலைப் பார்த்துக் கும்பிட்டார்! எனக்குச் சிரிப்பும் வந்தது, உங்களுக்கு ஒன்று போடவேண்டும் போலவும் இருந்தது. நீங்கள் துணி மடிக்கிற புறக்கோட்டைக் கடை அங்கிருந்து நடக்கிற தூரம்தான். அன்றைக்கு அதுவும் பூட்டு.

கடை வேலையில் என்ன வெட்கம் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. சரி, எனக்கு விளங்காது. மூத்த பிள்ளை நீங்கள்தானே, ஊர் கேள்வி கேட்டதும் உங்களைத்தான்.

ஆனால் 2022இல், 200 ரூபாயில் நின்ற டொலர் 360ஐத் தாண்டியபோது, துணி இறக்க வழியில்லாமல் முதலாளி உங்கள் சம்பளத்தைப் பாதியாக்கினார். வீட்டுக்கு அனுப்பும் காசு மட்டும் குறையவில்லை. மனேஜருக்குச் சம்பளம் குறையுமா? வட்டிக்கு வாங்கி அனுப்பினீர்கள். அம்மா அந்தக் காசில் கோயிலில் அன்னதானம் கொடுத்தார். தெரிந்திருந்தால் ஒரு சதம் தொட்டிருப்பாரா?

செட்டியார் தெரு விஷயம் இங்கே வேண்டாம். யார் யார் வாசிப்பார்கள் என்று உங்களுக்கே தெரியும். சீட்டு என்னிடம் பத்திரமாக இருக்கிறது, அவ்வளவுதான்.

உங்களைக் கேட்காமல் சொன்னதற்கு மன்னியுங்கள். அண்ணா மீட்டிங்கில் நிற்கிறார் என்று இத்தனை வருடம் என் வாயால் சொன்னேனே, அதற்கு என்னிடம் யார் மன்னிப்புக் கேட்பது?

அப்பா கத்தவில்லை. "கடையில நிண்டுகொண்டு மாசா மாசம் அவ்வளவு காசு எப்பிடி அனுப்பினவன்?" என்று மட்டும் கேட்டார். நான் வாய் திறக்கவில்லை. அதை நீங்கள்தான் சொல்லவேண்டும். இரவுச் செய்தி முடிந்த பிறகு எடுங்கள், அதற்கு முன் எடுத்தால் அவருக்குக் கேட்காது.

தங்கச்சி