பாதம் தெரியட்டும்: திரை இயக்குநர்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்த் திரைப்பட இயக்குநர்களுக்கும் நடன இயக்குநர்களுக்கும் வணக்கம்.

நான் சின்னதாக ஒரு பரதநாட்டிய வகுப்பு நடத்துபவள். உங்களுக்குச் சினிமா சொல்லித்தரும் தகுதி எனக்கில்லை. ஆனால் ஒரு குறை ரொம்ப நாளாக உறுத்துகிறது. ஒருத்தி விழுந்து எழுந்து மறுபடி ஆடும் காட்சி வந்தாலே கேமரா அவள் முகத்துக்குப் போய்விடுகிறது. கண்ணீர், வியர்வை, கைதட்டும் கூட்டம், பின்னணியில் வயலின். காலை மட்டும் காணோம். பாடுபடுவது அதுதானே?

பரதநாட்டியக் கலைஞர் சுதா சந்திரன் கதை உங்களுக்குத் தெரியாததல்ல. 1981இல் திருச்சி அருகே பேருந்து விபத்து. காயத்தில் அழுகல் ஏறி வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள். ஜெய்ப்பூர் கால் என்கிற செயற்கைக் காலைப் பொருத்திக்கொண்டு மறுபடி மேடையேறினார். சிங்கீதம் சீனிவாசராவ் அதைத் தெலுங்கில் ‘மயூரி’யாக (1985) எடுத்தபோது அவரையே நடிக்கவும் ஆடவும் வைத்தார். தேசிய விருதும் வந்தது.

என்னை இழுப்பது அந்தக் காலின் சங்கதி. மேல்நாட்டுச் செயற்கைப் பாதங்கள் ஷூவுக்குள் போட்டு நடக்கத் தோதானவை. நம் ஆட்களோ வெறுங்காலோடு வயலில் இறங்க வேண்டும், குந்த வேண்டும், சம்மணமிட வேண்டும். அதற்காக மருத்துவர் பி.கே. சேத்தியும் கைவினைஞர் ராம் சந்திர சர்மாவும் ரப்பரில் உருவாக்கிய பாதம் அது. வெறுங்காலில் ஆடும் கலைக்கும் அது கைகொடுத்தது. ஆனாலும், தரையைத் தட்டி ஆடும் அடிப்படை அசைவான தட்டடவில் பாதம் தரையில் பட்டதை எங்களுக்கு உள்ளங்கால்தான் சொல்லும். ரப்பர் சொல்லாது. மீதிக் காலும் முழங்காலும் அதைப் புதிதாகக் கற்க வேண்டும், அதுவும் முழங்கால்களைப் பக்கவாட்டில் மடக்கிப் பாதி அமர்ந்த அரைமண்டியில் இருந்துகொண்டு. இரண்டு காலும் நன்றாக இருக்கிற என் மாணவிகளே பத்து நிமிடத்தில் நிமிர்ந்துவிடுவார்கள்!

அதனால் அடுத்த முறை கேமராவைக் கொஞ்சம் பின்னால் நகர்த்துங்கள். தாளச் சொற்கட்டுக்கு ஆடும் ஒரு ஜதி முழுக்க வெட்டாமல் ஓடட்டும். தாளம் தப்பினால் தப்பட்டும், அதையும் படத்தில் வையுங்கள். வயலினை அடக்கிவிட்டுப் பாதம் விழும் சத்தத்தைக் கேட்க விடுங்கள். அப்புறம், கால் இழந்தவர் வேடத்துக்கு, கிராபிக்ஸில் காலை அழித்துக்கொள்ளும் நட்சத்திரம்தான் வேண்டுமா? செயற்கைக் காலோடு ஆடத் தெரிந்தவர்களைத் தேடிப் பாருங்கள். கால்ஷீட் கிடைப்பதும் சுலபமாக இருக்கும்.

இப்படிக்கு,
ஒரு நாட்டிய ஆசிரியை