கர்ரெட்டின் நாடகம் தேசபக்தி நாடகமா?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு, வணக்கம்.

சென்ற இதழில் ஐரோப்பிய நாடகம் பற்றி வந்த கட்டுரையில் போர்ச்சுகல் நாடகாசிரியர் அல்மெய்தா கர்ரெட்டுக்கு (1799–1854) இரண்டே வரி. அது பரவாயில்லை, இப்சனும் செகாவும் வரும் பந்தியில் அவருக்கு இலை போட்டதே பெரிது. ஆனால் அந்த இரண்டு வரியில் அவருடைய ‘ஃப்ரெய் லூயிஸ் த சோசா’வை தேசபக்தி நாடகம் என்று எழுதியிருப்பதைத்தான் ஏற்க முடியவில்லை. முதல் அங்கத்தோடு நிறுத்திக்கொண்டால்தான் அப்படிச் சொல்லத் தோன்றும்.

முதல் அங்கம் தேசபக்திதான், மறுக்கவில்லை. போர்ச்சுகல் ஸ்பெயின் மன்னரின் கையில் இருந்த காலம். லிஸ்பனில் கொள்ளைநோய் பரவ, ஆற்றுக்கு அக்கரையில் அல்மாடாவில் இருக்கும் மனுவேல் த சோசாவின் (கடைசியில் துறவியாகி ‘ஃப்ரெய் லூயிஸ்’ ஆகிறவர் இவர்தான்) வீட்டுக்கு ஆளுநர்கள் தங்க வரப்போகிறார்கள் என்று சேதி வருகிறது. அவர்களுக்கு இடம் கொடுக்க மனமில்லாமல் சொந்த வீட்டுக்கே தீ வைத்துவிடுகிறார் மனுவேல். கைதட்டல் விழும் இடம். சரி, வீடு எரிந்தபின் குடும்பம் எங்கே போகும்? மனைவி மதலேனாவின் முதல் கணவர் ஜுவாவின் பழைய மாளிகைக்கு. அந்த ஜுவாவ், 1578-இல் மொராக்கோவில் நடந்த அல்காசர் கிபீர் போரில் போர்ச்சுகல் மன்னர் செபஸ்தியானோடு காணாமல் போனவர். ஏழு வருஷம் தேடிவிட்டுத்தான் மதலேனா மறுமணம் செய்துகொண்டார். (தமிழ் எழுத்தில் அச்சான முதல் நூலான நம் ‘தம்பிரான் வணக்கம்’ கொல்லத்தில் அச்சானதும் அதே 1578-இல்தான்.)

இரண்டாம் அங்கத்தின் கடைசியில் புனித பூமியிலிருந்து ஒரு வயதான யாத்திரிகர் வருகிறார். ஜுவாவ் உயிரோடு இருப்பதாக அவர் சொன்னதைக் கேட்டு மதலேனா அலறிக்கொண்டு ஓடிவிட, மனுவேலின் சகோதரரான துறவி ஜோர்ஜ், ‘யார் நீ?’ என்று கேட்கிறார். வந்தவர் கைத்தடியால் சுவரில் இருக்கும் ஜுவாவின் படத்தைக் காட்டி, ‘யாருமில்லை’ என்கிறார். திரை.

செபஸ்தியான் மன்னர் என்றாவது திரும்பி வருவார், நாடு மீளும் என்று போர்ச்சுகலில் தலைமுறை தலைமுறையாகக் காத்திருந்தார்கள். கர்ரெட் அந்த நம்பிக்கையை ஒரு வீட்டுக்குள் கொண்டுவந்து, காணாமல் போனவரை 21 வருஷம் கழித்து உண்மையிலேயே திருப்பி அனுப்புகிறார், வீடு சின்னாபின்னமாகிறது. எஜமான் வருவார் என்று விடாமல் நம்பியவர் கிழட்டு வேலைக்காரர் தெல்மோ. வந்தபிறகு, தான் வளர்த்த குழந்தையான, மனுவேல்–மதலேனாவின் மகள் மரியாவுக்காக, இவர் வராமலே இருந்திருக்கக்கூடாதா என்று தவிப்பவரும் அவர்தான். 1843-இல் ஒரு தனியார் வீட்டு அரங்கில் இது முதன்முதலாக நடிக்கப்பட்டபோது தெல்மோவாக மேடையேறியது கர்ரெட். காத்திருப்பைக் கொண்டாடுகிற நாடகம் இல்லை ஐயா இது, காத்திருப்பின் மேல் வைத்த வழக்கு.

மரியாவுக்கு 13 வயது, காசநோய். முதல் கணவர் உயிரோடு இருப்பதால் அவள் ஒரே நாளில் முறைதவறிப் பிறந்தவள் ஆகிவிடுகிறாள். பெற்றோர் துறவு பூணும் தேவாலயத்துக்குள் ஓடிவந்து அவர்கள் கண்முன்னே சாகிறாள். கர்ரெட்டுக்கும் திருமணத்துக்கு வெளியே பிறந்த ஒரு மகள் இருந்தாள், தாய் 1841-இலேயே இறந்துவிட்டார். இந்தக் காட்சியின் சூடு எங்கிருந்து வந்தது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

அவர் தேசபக்தர் இல்லை என்று சொல்ல வரவில்லை. எல்லையற்ற மன்னராட்சியை எதிர்த்த தாராளவாதிகளோடு நின்றதற்காக இருமுறை இங்கிலாந்துக்கு ஓடிப்போனவர், 1832-இல் போர்த்தோ முற்றுகையில் சிப்பாயாக நின்றவர். நாட்டுக்குச் செய்த நல்லதைத் தேடினால் நாடகத்துறையிலேயே இருக்கிறது. 1836-இல் அரசு கேட்டுக்கொண்டதும் தேசிய அரங்குக்குத் திட்டம் போட்டு, நடிப்புப் பள்ளி தொடங்கி, நடிக்க நல்ல நாடகம் இல்லையே என்று தானே எழுதவும் உட்கார்ந்தார்.

அப்புறம் அந்தக் கட்டுரையின் படக்குறிப்பு: ‘கர்ரெட் திறந்துவைத்த அரங்கம்’. இரண்டாம் மரியா தேசிய அரங்கம், ஒருகாலத்தில் கத்தோலிக்க மதவிசாரணை மன்றத்தின் (இன்க்விசிஷன்) மாளிகை நின்ற லிஸ்பனின் ரோசியு சதுக்கத்தில் 1846-இல் திறக்கப்பட்டது. ஆனால் 1841-லேயே அரசியல் பகையில் கர்ரெட்டைப் பதவிகளிலிருந்து நீக்கியாயிற்று. முகப்பின் உச்சியில் தெரியும் சிலையும் அவருடையது அல்ல, 16-ஆம் நூற்றாண்டு நாடகாசிரியர் ஜில் விசென்ட். அவரைப் பற்றிக் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லை, அடுத்த இதழிலாவது போடுங்கள்.

அன்புடன்,
நெடுநாள் வாசகன்,
திருச்சி