குதிகால் தாளம்

வூட் கிரீன், லண்டன்.

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் நலம். நீங்களும் அம்மாவும் நலமாயிருக்க வேண்டுகிறேன். ஹட்டன் குளிரில் வளர்ந்த எனக்கே இங்கே இரண்டு கம்பளிச் சட்டை வேண்டியிருக்கிறது. வேலை வழமைபோல் நடக்கிறது.

சென்ற ஞாயிறு, அருகிலுள்ள மேட்டின் மேல் நிற்கும் அலெக்சாந்திரா மாளிகைக்கு நடந்தே போனேன். 1936 நவம்பர் 2ஆம் திகதி பி.பி.சி. தன் தொலைக்காட்சிச் சேவையைத் தொடங்கிய இடம் அது. அந்தப் பழைய கோபுரத்தைக் கண்டதும், நீங்கள் லயத்துக் கூரையில் ஏறி, ஒளிபரப்புக் கோபுரம் நிற்கும் பிதுருதலாகலை மலை இருக்கும் திசைக்கு அன்டெனாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது நினைவுக்கு வந்தது.

அந்தத் தொடக்க நாளில் பாடிய அடேல் டிக்சனையாவது இங்கே சிலர் அறிவார்கள். அதே நாளில் டாப் நடனம், அதாவது காலணியால் தரையைத் தட்டித் தாளம் எழுப்பும் ஆட்டம், ஆடிய ஜான் பபிள்ஸ் என்ற அமெரிக்கக் கறுப்பினக் கலைஞரை என்னுடன் வேலை செய்வோரில் ஒருவரும் கேள்விப்பட்டதில்லை. கெண்டக்கியின் லூயிவில் நகரில் சிறுவயதிலேயே கூட்டாளியான பக் வாஷிங்டன் பியானோ வாசிக்க, இவர் ஆடுவார். 1935இல் இசையமைப்பாளர் கெர்ஷ்வினின் 'போர்கி அண்ட் பெஸ்' இசை நாடகத்தில் ஸ்போர்ட்டின் லைஃப் என்ற வேடத்தை முதன்முதலாக ஏற்றவரும் இவரே. முன்பாதத்தால் விரைந்து தட்டுவதே பெரும்பாலும் வழக்கமாயிருந்த காலத்தில், இவர் நடையைத் தணித்து, குதிகாலையும் இறக்கி, எதிர்பாராத இடத்தில் அடியை வைத்தார். 1943இல் வந்த ஒரு படத்தில் அவர் ஆடுவதைப் பார்த்தபோது, காமன் கூத்தில் மதன் வேடம் கட்டி, தப்பு மேளம் அடிப்பவரை ஒரு கணம் காக்க வைத்த பிறகே நீங்கள் காலை ஊன்றுவீர்களே, அதுதான் என் கண்ணில் நின்றது. (அவரிடம் பாடம் கேட்டவர்களில் ஹாலிவுட் நடன நட்சத்திரம் பிரெட் அஸ்டேரும் ஒருவர். உங்களிடம் கேட்க வந்த பையன்கள் இரண்டாம் நாளே ஓடிவிட்டார்கள்.)

தொடக்க விழா இரண்டு வெவ்வேறு தொழில்நுட்பங்களில் இரண்டு முறை ஒளிபரப்பாகியும், பதிந்துகொள்ளக் கருவியில்லாததால், சில நூறு பெட்டிகளில் தெரிந்ததோடு அந்த ஒளிபரப்பு போய்விட்டது. 1955இல் பக் இறந்தார். 1967இல் பக்கவாதம் பபிள்ஸின் ஆட்டத்தை நிறுத்தியது. பிறகு மேடையேறியபோது ஆடாமல் பாடினார். 1986இல் காலமானார்.

இந்த மாசியில் நம் தோட்டத்துக் கூத்தைத் தம்பி கைத்தொலைபேசியில் பிடித்து அனுப்பட்டும். போன முறை முகங்களை மட்டும் பிடித்திருந்தான். கால்கள் தெரியவேண்டும் என்று அவனிடம் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் அன்பு மகள்