தண்ணீர்க் கணக்கில் விடுபட்ட நான்கு பேர்

ஆசிரியருக்கு வணக்கம்.

ஞாயிறன்று வந்த நீதிக் கோட்பாடுகள் பற்றிய கட்டுரையில் ஒரு திருத்தம். ஒரே ஒரு புல்லாங்குழலை எந்தப் பிள்ளைக்குக் கொடுப்பது நியாயம் என்று பொருளாதார அறிஞர் அமர்த்தியா சென் கேட்கும் கதையில் பிள்ளைகள் இருவர் அல்லர், மூவர். வாசிக்கத் தெரிந்தவள், விளையாட வேறொன்றும் இல்லாதவன், குழலைச் செய்தவள். கட்டுரையாளர் செய்தவளை விட்டுவிட்டார்.

அந்த மூவரையும் போல ஆளுக்கொரு நியாயம் பேசுகிறவர்களை 2024 மார்ச்சில் பெங்களூரு அல்சூரில் எங்கள் குடியிருப்பின் கூட்டத்தில் பார்த்தேன். 16 வீடுகள். போர்வெல் வற்றிவிட்டது. குடிநீரில் கார் கழுவினால் 5,000 ரூபாய் அபராதம் என்று குடிநீர் வாரியம் அறிவித்த மாதம். எங்களுக்கு ஒருநாள் விட்டு ஒருநாள் 6,000 லிட்டர் டேங்கர். செயலாளர் நான்.

"வீட்டுக்கு இவ்வளவுன்னு சமமாப் பிரிங்க" என்றார் மனைவியோடு மட்டும் இருக்கும் மாடிவீட்டுக்காரர். "எங்க வீட்ல ஏழு பேர், மாமியார் படுத்த படுக்கை. தலைக்கு இவ்வளவுன்னு குடுங்க சார்" என்றார் எதிர்வீட்டு அம்மா. "முன்பணம் கட்டினது ஒன்பது வீடுதான். மத்தவங்களுக்கு என்ன உரிமை?" என்று மூன்றாவது குரல். 1974-இல் அமெரிக்கத் தத்துவவாதி ராபர்ட் நோசிக் வாதாடியதும் ஏறக்குறைய இதுதான். எங்கள் மூன்றாவது குரல்காரர் நோசிக் பெயரைக்கூடக் கேள்விப்பட்டதில்லை.

தலைக்கணக்கு ஜெயித்தது. 61 பேர், தலைக்கு 98 லிட்டர். தரைக்கடித் தண்ணீர்த் தொட்டியான சம்புக்குப் பூட்டுப் போட்டு, சாவியை என் பூணூலில் முடிந்துகொண்டேன்.

மூன்றாம் நாள் காலை வாட்ச்மேன் மனைவி இரண்டு பிளாஸ்டிக் குடத்தோடு சம்பு அருகில் நின்றாள். ராய்ச்சூர்க் குடும்பம், படிக்கட்டுக்குக் கீழே நாலு பேர். "நம்ம லெக்கா எல்லி சார்?" என்றாள். எங்கள் கணக்கு எங்கே என்கிறாள். முப்பது வருடம் கணக்கராக வேலை பார்த்தவனுக்குப் பதில் வரவில்லை.

தான் யாராக இருப்போம் என்று தெரியாத ஒரு திரைக்குப் பின்னால் நின்று விதியை வகுக்கச் சொன்னார் இன்னொரு அமெரிக்கத் தத்துவவாதி ஜான் ரால்ஸ், 1971-இல். சரி, திரைக்குப் பின்னால் யார் யாரைக் கூப்பிடுவது? கட்டுரை அதைக் கேட்கவே இல்லை. நாங்களும் கேட்கவில்லை. மூன்று வாதமும் அறையில் இருந்தவர்களுக்குள்தான் பங்கு பிரித்தது.

அன்று மாலை நோட்டில் 61-ஐ அடித்து 65 என்றும், 98-ஐ அடித்து 92 என்றும் எழுதினேன். எல்லோரையும்விட அதிகமாகச் சத்தம் போட்டது எதிர்வீட்டு அம்மா: "எங்களுக்கு 42 லிட்டர் குறையுதே!"

ஓய்வுபெற்ற கணக்கர்,
அல்சூர், பெங்களூரு